நிதி இல்லை என்பது பதிலாகாது

மாநிலப் பல்கலைக்கழகங்களின் ஆட்சிக்குழு உறுப்பினர்களுக்கும் உயர்கல்வித் துறைச் செயலருக்கும் வணக்கம்.

முப்பத்தோராண்டுகள் பல்கலைக்கழகம் ஒன்றில் கற்பித்து ஓய்வுபெற்றவன் நான். சென்ற மாதம் 19ஆம் தேதி, வங்கியில் பாஸ்புக் பதியும் இயந்திரத்தின் முன் என்னுடன் பணியாற்றிய நண்பரின் மனைவியைக் கண்டேன். குடும்ப ஓய்வூதியத்தை நம்பி வாழ்பவர். அந்த மாத ஓய்வூதியம் வந்திருக்கவில்லை; இயந்திரம் அச்சிட்டுத் தந்தது ஒரே ஒரு வரி: குறுஞ்செய்திக் கட்டணம் பிடித்தம். "இதுக்கு மட்டும் தேதி தவறுறதில்ல, சார்" என்றார்.

எங்கள் ஓய்வூதியம் ஏன் தாமதமாகிறது என்று பல்கலைக்கழகத்தின் ஓய்வூதியப் பிரிவில் கேட்டால் நிதி இல்லை என்கிறார்கள். தொலைநிலைக் கல்வி வருவாய் சுருங்கியதும், கணக்குத் தணிக்கையில் எழும் ஆட்சேபங்களால், அரசு மொத்தமாகத் தரும் தொகுப்பு மானியம் குறைவதும் எங்களுக்குத் தெரியாதவை அல்ல. எங்களில் சிலர் அந்தக் கோப்புகளில் கையெழுத்திட்டவர்களும்கூட. ஆனால் நீதிமன்றங்கள் இந்தப் பதிலை ஏற்றதில்லை. ஓய்வூதியம் கருணைத்தொகை அன்று, சொத்துரிமை என்று 1971இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கிலும், பின்னர் 1982இல் நகாரா வழக்கிலும் உச்ச நீதிமன்றம் அறுதியிட்டுக் கூறியது. அலட்சியத்தால் ஓய்வுக்காலப் பயன்கள் தாமதமானால் நடப்புச் சந்தை விகிதத்தில் வட்டி தரவேண்டும் என்றது பத்மநாபன் நாயர் வழக்கு. கொரோனாவைக் காரணம் காட்டி 2020இல் ஆந்திரப் பிரதேச அரசு ஊதியத்திலும் ஓய்வூதியத்திலும் ஒரு பகுதியைத் தள்ளிவைத்தபோது, உயர் நீதிமன்றம் 12 விழுக்காடு வட்டி விதித்தது; 2021இல் உச்ச நீதிமன்றம் அதை 6 விழுக்காடாகக் குறைத்ததே தவிர, வட்டியை நீக்கவில்லை. பெருந்தொற்றுக்கே இல்லாத விலக்கு வரவு செலவுப் பற்றாக்குறைக்கு எப்படிக் கிடைக்கும்?

ஆசிரியர் அப்போதிருந்த தொழில் தகராறுச் சட்டத்தின் பொருளில் தொழிலாளர் அல்லர் என்று 1988இல் சுந்தராம்பாள் வழக்கில் தீர்ப்பானதால், தொழிலாளர் நீதிமன்றத்தின் கதவு எங்களுக்குத் திறக்கவில்லை. எஞ்சியிருப்பது அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் தொடுக்கும் ரிட் மனு, அதாவது பல்கலைக்கழகத்துக்கு ஆணையிடக் கோரும் மனு. அந்த வழியில் நடப்பதை நீங்களும் அறிவீர்கள். பெரும்பாலும் "மனுதாரரின் கோரிக்கையைப் பன்னிரண்டு வாரங்களுக்குள் பரிசீலிக்கவும்" என்ற உத்தரவு வரும், பரிசீலித்ததாக ஒரு கடிதம் வரும், பணம் வராது. அதன்பின் இரண்டாவது மனு, ஆணை கிடைத்தால் மேல்முறையீடு, இறுதியில் ஆணையை மதிக்காததற்காக நீதிமன்ற அவமதிப்பு மனு. அதையும் ஓராண்டுக்குள் தாக்கல் செய்யவேண்டும். எண்பது வயதுக்காரர் ஒருவர் இத்தனை படி ஏறி முடிப்பதற்குள் வழக்கு அவருடைய வாரிசுகளின் பெயருக்கு மாறிவிடுகிறது. பல்கலைக்கழகம் தன் வழக்கறிஞருக்குக் கொடுக்கும் கட்டணமும், நிதி இல்லை என்று சொல்லப்படும் அதே கருவூலத்திலிருந்துதான் போகிறது.

ஒருவர் பெற்ற தீர்ப்பின் பயனை அதே நிலையில் உள்ள மற்றவர்களுக்கும் வழங்குவதே பொதுவிதி என்று அரவிந்த் குமார் ஸ்ரீவஸ்தவா வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. காலங்கடந்து விழித்தவர்களுக்கு அந்தப் பயன் கிடைக்காது என்ற விலக்கும் அதில் உண்டு. மாதந்தோறும் நிகழும் இந்தத் தவறு தொடர் தவறு என்பதால் அந்த விலக்கு எங்களுக்குப் பொருந்தாது என்பது என் வாதம். ஆயினும் நிலுவையைப் பொதுவாக மூன்றாண்டுகளுக்கு மேல் பின்னோக்கிக் கோர முடியாது என்பதால், காத்திருக்கும் நண்பர்கள் இனியும் காத்திருக்க வேண்டாம்.

நாங்கள் கேட்பது இதுதான்: ஒவ்வொருவரையும் நீதிமன்றத்துக்கு அனுப்பாமல், ஓய்வூதியத்தை மாதத்தின் முதல் செலவாக வைத்து, ஏற்கெனவே தாமதமான மாதங்களுக்கு வட்டியையும் சேர்த்து வழங்கும் தீர்மானத்தை அடுத்த ஆட்சிக்குழுக் கூட்டத்தின் பொருள்நிரலில் சேருங்கள். ஓய்வூதிய நிதியத்தின் இருப்பையும், அதிலிருந்து வேறு செலவுகளுக்கு எடுக்கப்பட்ட தொகையையும் கேட்டுத் தகவல் உரிமைச் சட்டத்தின்கீழ் திங்கட்கிழமை மனு தருகிறோம். பதிலுக்குச் சட்டம் தந்திருக்கும் காலம் முப்பது நாள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பேராசிரியர் ஒருவர்