அத்தைக்கு: அந்த மீன் நம் ஆற்று மீன் இல்லை

அத்தை,

உங்கள் ஹீயோ வருகிற மார்ச் என்று முடிவாகிவிட்டது. நேற்று ராத்திரி உங்கள் மகன் போனை வைத்துவிட்டு, "அம்மாவுக்கும் சேர்த்துத்தான்" என்று மட்டும் சொன்னார். அப்புறம் வெளியே போய் விறகு பிளந்தார். பிளந்து அடுக்கியதே இந்தக் குளிர்காலத்துக்குப் போதும்.

ஹீயோவைப் பற்றி உங்களுக்கு நான் சொல்ல என்ன இருக்கிறது? எட்டிப் பார்த்துப் படிக்கிறவர்களுக்காகச் சில வரி. அலாஸ்காவில், யூக்கான் ஆற்றங்கரையில் நூலாட்டோ, கால்டாக் என்ற இரண்டு ஊர்களில் மாறி மாறி நடக்கும் கடைசிக் காரியம் அது. ஒருவர் இறந்து சில வருஷம் கழித்து, ஒரு வாரம் நடக்கும். வெள்ளிக்கிழமை ராத்திரி, நாடாவும் தோலும் கட்டிய ஸ்ப்ரூஸ் கம்பத்தைச் சுற்றி விடிய விடிய ஆடுவார்கள். மறுநாள், போனவருக்காகத் தைத்த புது உடுப்பை, அவருடைய சாவில் கூட நின்று உழைத்த ஒருவர் போட்டுக்கொள்வார். அந்த உடுப்போடு ஆற்றுக்குப் போய் உதறிவிட்டு வந்து ஊரில் எல்லோரிடமும் கை குலுக்குவார். அதோடு போனவர் கிளம்பிவிட்டார் என்று கணக்கு. பாட்டுகளைப் பற்றி இங்கே எழுத மாட்டேன். இரண்டில் நம் ஊர் எது என்பதையும்.

உங்கள் உடுப்பை நான்தான் தைக்கிறேன். தையல் உங்கள் அளவுக்கு நெருக்கமாக வரவில்லை. பிரித்துப் பிரித்துத் தைக்கிறேன்.

ஆனால் எழுத உட்கார்ந்தது 2021 அக்டோபரைப் பற்றி. ஃபேர்பேங்க்ஸ் நகரத்தில் உங்கள் கடைசிக் கட்டில். "பாதி காய்ந்த கிங் ஒரு துண்டு கிடைக்குமா?" என்று கேட்டீர்கள். அந்தக் கோடையில் கிங் சால்மன் பிடிக்கத் தடை, சம் சால்மனுக்கும் தடை. நம் புகைக் குடிலில் சிலந்தி வலைதான் தொங்கியது. அதே வருஷம் அலாஸ்காவின் தென்மேற்கில், பிரிஸ்டல் பே என்ற விரிகுடாவில் 6 கோடிக்கும் மேல் சாக்கை சால்மன் வந்து குவிந்தது. அங்கிருந்து நம் பக்கத்து ஊர்களுக்கு விமானத்தில் பெட்டி பெட்டியாக இனாம் மீன் வந்தது. தலைமுறை தலைமுறையாக மீன் கொடுத்த ஊர், மீனுக்கு வரிசையில் நின்றது.

அந்தப் பெட்டியில் ஒன்றைத்தான் எடுத்தேன். கீற்றாக அறுத்து, உப்புத் தண்ணீரில் போட்டு, பக்கத்து வீட்டில் இரவல் வாங்கிய சின்னப் புகைப்பெட்டியில் இரண்டு நாள் வைத்தேன். மெழுகுத் தாளில் சுற்றிக்கொண்டு வந்து, "போன வருஷத்துக் கிங், உங்கள் தங்கை பத்திரமாக வைத்திருந்தது" என்றேன்.

நீங்கள் மெதுவாக மென்றீர்கள். அப்புறம் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் ஒட்டி ஒட்டிப் பிரித்துப் பார்த்தீர்கள். எண்ணெய் இல்லை. நம் கிங்கின் கீற்றைத் தொட்டால் மணிக்கட்டு வரை வழியும். மேலே கனடா வரை, 3,000 கிலோமீட்டர் கூட, ஒன்றுமே தின்னாமல் எதிர்நீச்சல் போட வேண்டிய மீன். கடலிலேயே கொழுப்பைச் சேர்த்துக்கொண்டுதான் ஆற்றில் ஏறும். இதெல்லாம் நீங்கள் எனக்குச் சொன்னது. சொல்லிக்கொடுத்த ஆளிடமே பொய் சொன்னேன்.

"இது ரொம்ப தூரம் போக வேண்டிய மீன் இல்லை" என்றீர்கள்.

நான் தண்ணீர் ஜாடியை நகர்த்தி வைத்தேன். ஏன் நகர்த்தினேன் என்று தெரியவில்லை. நீங்கள் இன்னொரு கீற்றை எடுத்து, அதையும் முழுசாகத் தின்றீர்கள். "பாஸீ" என்று நன்றி வேறு சொன்னீர்கள். பதினோராம் நாள் போய்விட்டீர்கள்.

தப்புதான். ஆனால் வேறு என்ன செய்திருக்க முடியும், சொல்லுங்கள். "ஆற்றில் மீன் இல்லை, அத்தை" என்று அந்தக் கட்டில் பக்கத்தில் நின்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. உங்கள் மகனுக்கும் வரவில்லை. அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். பொய் மட்டும் என் கணக்கில்.

நீங்கள் மட்டும் என்னிடம் எல்லாம் பேசினீர்களா? கல்யாணமாகி வந்த முதல் கோடை, மீன் முகாமில், தரையில் கிடந்த துப்பாக்கியை நான் தாண்டிவிட்டேன். நீங்கள் ஒரு வார்த்தை திட்டவில்லை. எடுத்து உயரத்தில் வைத்துவிட்டு "ஹுத்லானி" என்றீர்கள். செய்யக்கூடாதது. பெண் தாண்டினால் வேட்டை அமையாது என்று இரண்டு நாள் கழித்து இவர் சொல்லித்தான் தெரியும். அந்தச் செப்டம்பரில் இவருக்கு மூஸ் மான் கிடைக்கவில்லை. யாரும் என்னைக் குறை சொல்லவில்லை. சூப் மட்டும் பக்கத்து வீட்டிலிருந்து வந்தது. உசிலம்பட்டிப் பக்கம் எங்கள் வீட்டுக் கொல்லையில், பதிமூன்று வயதில், தென்னங்கீற்றுக் குச்சுக்குள் உட்கார்ந்தவள் நான். தனித் தட்டு, தனித் தம்ளர். அதெல்லாம் முடிந்தது என்று நினைத்துத்தான் இத்தனை தூரம் வந்தேன்.

பிறகு ஒரு குளிர்காலத்தில் நீங்களாகவே சொன்னீர்கள். உங்கள் அம்மா பெரியவளானபோது முக்காடு போட்டு மாதக்கணக்கில் தனியே இருந்ததும், அன்னப்பறவை எலும்புக் குழாயில் தண்ணீர் உறிஞ்சிக் குடித்ததும். உங்களுக்குச் சில வாரம், திரைக்குப் பின்னால். "அங்கேதான் தைக்கக் கற்றேன்" என்று சிரித்தீர்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. உங்கள் பேத்திக்கு இப்போது பதினொன்று. அவளை எந்த மூலையிலும் உட்கார வைக்க விட மாட்டேன். தையல் மட்டும் இப்போதே ஆரம்பித்துவிட்டாள். ஊசி பிடிப்பது அப்படியே உங்கள் கை.

உங்கள் தாய்மொழி டெனாக்கேயைப் பேசினால் அடி விழுந்த பள்ளிக்கூடத்தில் படித்தவர் நீங்கள்; தெரியும். மகனுக்குக்கூட முழுசாகக் கொடுக்கவில்லை. ஆனால் அண்டங்காக்கை பறந்தால் மட்டும் அண்ணாந்து, "தாத்தா, மூட்டையை இறக்கிப் போடு" என்று அந்த மொழியில் கூப்பிடுவீர்கள். அது சிறகை மடக்கி ஒரு புரளல் புரண்டால் மூட்டை விழுந்த மாதிரி, வேட்டை அமையும். அமாவாசைக்கு ஓட்டு மேல் சோறு வைத்துவிட்டுக் "கா, கா" என்று கூப்பிடும் என் அப்பத்தாவின் குரல் அது. அன்றைக்கு உங்களைக் கட்டிக்கொள்ளத் தோன்றியது. காக்கையிடம் பேசியதை மருமகளிடம் பேசவில்லையே என்றும் தோன்றியது.

ஆற்று நிலவரம். 2024 ஏப்ரலில் அலாஸ்காவும் கனடாவும் ஒப்பந்தம் போட்டு, யூக்கான் கிங்கை ஏழு வருஷத்துக்குத் தொடக்கூடாது என்று நிறுத்திவிட்டார்கள். ஒரு கிங் பிறந்து, கடலுக்குப் போய், திரும்பி வரும் காலம் அது. எல்லையை 71,000 மீன் தாண்ட வேண்டும் என்பது இலக்கு. தடை முடியும்போது பேத்திக்குப் பதினேழு ஆகியிருக்கும். மீன் அறுப்பதை அதுவரை எதை வைத்துச் சொல்லிக்கொடுப்பது? கடல் சூடு என்கிறார்கள், மீனுக்கு நோய் என்கிறார்கள், பெரிங் கடலின் இழுவலைக் கப்பல்கள் என்கிறார்கள். உங்கள் மகன் கூட்டங்களுக்குப் போய்ப் பேசுகிறவர், அதனால் இதற்கு மேல் இங்கே வேண்டாம்.

மார்ச்சில் மூஸ் தலை சூப் இருக்கும். வெள்ளைமீனும் கொழுப்பும் பெர்ரியும் போட்டுக் கையால் அடிக்கும் ஐஸ்கிரீமை உங்கள் தங்கை செய்கிறார். சால்மன் பெட்டிக்கு நான் சொல்லி வைத்துவிட்டேன். உங்கள் பங்கை நெருப்பில் வைப்பதும் நான்தானாம், இவர் சொல்லிவிட்டார். வைக்கும்போது சத்தமாகவே சொல்கிறேன் அத்தை, பிரிஸ்டல் பே மீன் என்று.