நாற்பது பேர் நடுவே ஒரு தாழ்ப்பாள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பரிசோதனைக் குறும்படங்கள் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்துவிட்டு, அதில் சொல்லியிருந்த படங்களைப் பேத்தியின் செல்போனில் பார்த்தேன். அமெரிக்க இயக்குநர் மாயா டெரன் 1943இல் லாஸ் ஏஞ்சலிஸில் தன் வீட்டிலேயே எடுத்த 14 நிமிடப் படத்தில் ஒரு சாவி வருகிறது. கை நழுவிப் படியில் உருளும், வாயிலிருந்து வெளிவரும், கத்தியாக மாறும். “ஒண்ணும் புரியலை” என்றாள் பேத்தி. எனக்குப் புரிந்தது. இடுப்பில் சாவிக்கொத்தோடு காலம் தள்ளிய ஆயாவிடம், அதாவது பாட்டியிடம், வளர்ந்தவள் நான்.

கட்டுரையாளரோடு ஓரிடத்தில் உடன்பாடில்லை. அடைத்த வீட்டில் ஒருத்தி தன்னந்தனியாகக் கிடப்பதுதான் தனிமை என்கிறார். பெல்ஜிய இயக்குநர் ஷாந்தால் அகெர்மான் 18 வயதில், 1968இல் எடுத்த படம் அப்படித்தான். சமையலறைக் கதவிடுக்கை டேப் ஒட்டி அடைத்துக்கொள்கிறாள். செட்டிநாட்டு வீட்டில் அதற்கு வழியேது? கல்யாணமானதும் அதே வீட்டுக்குள் தனிக் குடித்தனமாக வேறு வைத்துவிடுவார்கள். புள்ளிக்கு, அதாவது ஒரு தம்பதிக்கு, ஓர் அறை, ஓர் அடுப்பு. எல்லா அறைக் கதவும் ஒரே வளவை, அதாவது நடு முற்றத்தை, பார்த்துத்தான் திறக்கும்.

அய்யா (என் தாத்தா) பர்மாவுக்குக் கொண்டுவிக்க, அதாவது தொழில் பார்க்க, போனால் மூன்று வருடக் கணக்கு. ஆயாவுக்கு அப்போது வயது 17. அழவேண்டுமென்றால் அறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போடவேண்டும். பகலில் அந்தச் சத்தம் கேட்டால் எதிர்ப்பத்தியிலிருந்து ஓரகத்தியின் குரல் வரும்: “உள்ளே என்ன ஆத்தா வேலை?” கோபமாகக்கூடக் கேட்கமாட்டாராம். ஆனால் பதில் சொல்லியாக வேண்டும். மூன்று வருடமும் கதவைத் திறந்துபோட்டே இருந்ததாக ஆயா சொல்வார். அதையும் அடுப்பைப் பார்த்துக்கொண்டுதான் சொல்வார்.

சினிமாவுக்கு எங்கள் பக்கம் புதிதல்ல. ஏவி.எம்.மின் ‘நாம் இருவர்’ (1947) உருவானதே காரைக்குடியில்தான். இன்றும் நாள் வாடகைக்கு வீடு கேட்டு வருகிறார்கள். திண்ணையில் பஞ்சாயத்து, தேக்குத் தூணில் சாய்ந்தபடி வில்லன். (ஆத்தங்குடித் தரைக் கல்லில் ஆணி அடித்துவிட்டுப் போனவர்களும் உண்டு. போகட்டும்.) காமிரா மட்டும் பின்கட்டு அடுப்படிப் பக்கம் எட்டிப்பார்த்ததில்லை.

அமெரிக்கக் கலைஞர் மார்த்தா ராஸ்லருக்கு 1975இல் ஒரு படம் எடுக்க ஒரு மேசையும், அடுப்படிச் சாமான்களும், ஆறு நிமிடமும் போதுமாக இருந்திருக்கின்றன. குறும்படம் எடுக்கும் பிள்ளைகள் இங்கே வரட்டும். வாடகை வேண்டாம். ஆயாவின் அறைத் தாழ்ப்பாளுக்கு நான் இன்னும் எண்ணெய் போடவில்லை. சத்தம் அப்படியேதான் இருக்கிறது.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
பள்ளத்தூர்