பேருந்து நிலையத்து முப்பரிமாண ஓவியம்: பார்ப்பவர் நிற்கும் இடத்தை முதலில் குறியுங்கள்

நகராண்மைக் கழகத் தலைவர் அவர்களுக்கும் மன்ற உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

பேருந்து நிலையத்தின் பக்கச் சுவரிலும் முன்தரையிலும் பால்மரக் (ரப்பர் மரக்) காட்டை முப்பரிமாணமாக வரையத் திட்டமிட்டிருப்பது எங்களுக்குப் பெரிய மகிழ்ச்சி. தோட்டங்கள் செம்பனைக்கு (எண்ணெய்ப் பனைக்கு) மாறிய பிறகு, அந்தக் கித்தா மரத்தைப் பார்க்காமலே வளரும் பிள்ளைகள் இங்கே நிறையப் பேர். அதனால்தான் கேட்கிறோம்: சதுர அடிக் கணக்கில் விலை கேட்பதற்கு முன், பார்ப்பவர் எங்கே நிற்பார் என்று முடிவு செய்யுங்கள்.

பினாங்கு ஆர்மேனியன் வீதியில் 2012-இல் ஓவியர் எர்னஸ்ட் ஸாக்கரேவிச் வரைந்த சைக்கிள் பிள்ளைகளை எந்தப் பக்கம் நின்றும் ரசிக்கலாம். சைக்கிள் நிஜமானது, பிள்ளைகள் சுவரில். ஆனால் தரை ஓவியத்தில், ஒரே ஒரு புள்ளியிலிருந்து பார்த்தால்தான் உருவம் எழுந்து நிற்பதுபோல் தெரியும்.

பார்ப்பவரின் கண் 1.5 மீட்டர் உயரத்தில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். 4 மீட்டர் தள்ளி 30 சென்டிமீட்டர் உயர ரப்பர் பால் வாளி நிற்பதுபோல் காட்ட, தரையில் அதை 1 மீட்டர் நீளத்துக்கு இழுத்து வரைய வேண்டும். அதே இடத்தில் 1 மீட்டர் உயரப் பொருள் 8 மீட்டர் நீளும். கண் உயரத்தை எட்டிவிட்டால் தரை எவ்வளவு இருந்தாலும் போதாது. ஆகவே வேரும் அடிமரமும் தரையில், மீதி சுவரில். சுவரும் தரையும் சேரும் மூலையில் கோடு இரண்டு விரல் விலகினாலும் மரம் முறிந்ததுபோல் தெரியும்.

கோடு பிசகாமலிருக்க, கண் இருக்கும் இடத்திலேயே புரொஜெக்டரை வைத்து, இரவில் படத்தை விழவைத்து, சாக்கட்டியால் வரைந்துகொள்ள வேண்டும். நிற்கும் இடத்தில் பாதச் சுவடு வரையுங்கள். கைப்பேசி ஒற்றை லென்ஸால் பார்ப்பதால் படத்தில்தான் மாயம் முழுதாக விழும். கிட்டத்தில் இரண்டு கண்ணாலும் பார்த்தால் தரை தட்டையென்று தெரிந்துவிடும்.

பள்ளம், கிணறு போன்ற படங்கள் தரையில் வேண்டவே வேண்டாம். பார்வை மங்கிய பெரியவர்கள் பஸ் ஏற வரும் இடம் அது. மோட்டார் சைக்கிள் போகும் வழியிலும் வரையாதீர்கள். மழையில் சாயத்தரை வழுக்கும். நடைபாதையில்கூட மேல்பூச்சில் நுண்மணல் தூவியாக வேண்டும்.

சாயம் உரிந்தால் சாயத்தைத்தான் குறை சொல்வார்கள். பெரும்பாலும் குற்றவாளி ஈரம். கால்வாய் ஓரச் சுவரில் உப்புப் பூத்துச் சாயத்தைத் தள்ளிவிடும். ஈரம் இருக்கிறதா என்று அறிய, சுவரில் 45 சென்டிமீட்டர் சதுர பிளாஸ்டிக் தாளை நான்கு பக்கமும் டேப் ஒட்டி 16 மணி நேரம் விடுங்கள். உள்ளே நீர்த்துளி இருந்தால், கசிவை அடைக்கும்வரை தூரிகையைத் தொடக்கூடாது. புதிதாகச் சிமெண்டு பூசிய சுவர் 28 நாள் காய வேண்டும். பிறகு சிமெண்டின் காரம் தாங்கும் சீலர் (அடிப்பூச்சு) ஒரு பூச்சு, வெளிச்சுவர் அக்ரிலிக் மெல்லிதாக இரண்டு பூச்சு. பளிச்சென்ற சிவப்பும் மஞ்சளும் வெயிலில் சீக்கிரம் வெளுக்கும். காவி, செம்மண் நிறங்கள் தாங்கும். மரப்பட்டைக்கும் அவையே பொருத்தம்.

இப்போதைக்கு எங்களுக்குத் தேவை மழையில்லாத ஓர் இரவும், அந்நேரம் அங்குள்ள விளக்குகளை அணைக்க உங்கள் அனுமதியும்தான். சாக்கட்டிக் கோடு போட்டு முடித்ததும் நீங்களே வந்து நின்று பாருங்கள். மரம் நேராக நின்றால் மட்டும் சாயம் வாங்கப் பணம் ஒதுக்குங்கள்.

அன்புடன்,
பட்டணத்துச் சுவரோவியர்கள்