நண்பனுக்கு ஒரு கடிதம்: பையனின் ஆவணப்பட ஆசை

அன்புள்ள முருகேசா,

கடிதம் கிடைத்தது. அம்மாவுக்கு முழங்கால் வலி குறைந்ததில் நிம்மதி. பையன் வேலையை விட்டுவிட்டுப் பழங்குடி மக்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போகிறானாம், இதில் சோறு கிடைக்குமா என்று கேட்டிருக்கிறாய். எனக்கு உடனே ஞாபகம் வந்தவர் பிரேசில் ஆவணப்பட இயக்குநர் வின்சென்ட் கரெல்லி.

பழங்குடிகளுக்கான அரசுத் துறையான ஃபுனாயில் வேலை பார்த்தவர். அது ஒத்துவராமல் வெளியே வந்து, 1979இல் நண்பர்களோடு தனி அமைப்பு தொடங்கினார். வீடியோ கேமரா கைக்கு வந்தது அப்புறம்தான். 1987 வாக்கில் நாம்பிக்வாரா மக்களின் ஊரில், பூப்படைந்த பெண்ணுக்குச் செய்யும் சடங்கைப் படம் பிடித்து, பிடித்த கையோடு டிவியில் போட்டு அவர்களுக்கே காட்டினார். அவர்களுக்குத் திருப்தி இல்லை. உடம்பில் துணி ரொம்ப இருக்கிறதே, நம் சடங்கு இப்படியா என்றார்கள். அடுத்த முறை பழையபடி வண்ணம் பூசி ஆடினார்கள். அதோடு விடவில்லை, எப்போதோ கைவிட்டிருந்த, இளைஞர்களுக்கு மூக்கும் உதடும் குத்தும் வழக்கத்தையும் கேமரா முன்னாலேயே மறுபடி நடத்தினார்கள். இதில் இயக்குநர் யார், சொல்? 'விடியோ நாஸ் அல்டெயாஸ்' (ஊர்களில் வீடியோ) என்ற கரெல்லியின் திட்டம் வளர்ந்தது இப்படித்தான். பிறகு பயிற்சிப் பட்டறைகள் வைத்து ஷவாந்தே, குய்குரோ மக்களின் கையிலேயே கேமராவைக் கொடுத்தார்கள்.

சரி, சோற்று விஷயம். 1985இல் ரொண்டோனியா மாநிலத்துக் காட்டில், வெளியுலகத் தொடர்பே இல்லாத ஒரு கூட்டத்தைக் கொன்றுவிட்டார்கள் என்று புகார் எழுந்தது. கரெல்லி கேமராவோடு போய்த் தடயங்களைப் பதிவு செய்தார். வழக்கு நகரவில்லை. 1995இல்தான் உயிர் தப்பிய கனோயே, அகுன்ட்சு மக்கள் சிலரைப் பார்க்க முடிந்தது. படம் 'கொரும்பியாரா' என்ற பெயரில் வெளியானது 2009இல். நடுவில் எத்தனை வருடம் என்று கணக்குப் போட்டுப் பார். பிரேசிலின் கிராமாடோ திரைப்பட விழாவில் பரிசு வாங்கியது என்பதெல்லாம் பிறகு வந்த கதை.

அந்தப் படத்தில் எனக்கு உறுத்துகிற இடமும் ஒன்று உண்டு. தன் கூட்டத்தில் தனியாக மிஞ்சிய ஒரு மனிதர், குடிசைக்குள்ளிருந்து அம்பை நீட்டுகிறார். வராதே என்பதை இதைவிட எப்படிச் சொல்வது? கேமரா அப்போதும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. அவர் இருப்பதற்கே சாட்சி வேண்டியிருந்தது, அப்போதுதான் அந்த நிலத்தைக் காப்பாற்ற முடியும் என்பது படம் எடுத்தவர்கள் தரப்பு நியாயம். புரிகிறது, ஆனாலும் மனசு ஒப்பவில்லை. அந்தத் தனி மனிதர் 2022இல் இறந்துபோனார்.

பையனிடம் ஒன்று மட்டும் கேள்: எடுத்ததைக் காட்ட அந்த ஊருக்கே திரும்பிப் போவானா? விழாக்களுக்கு அனுப்புவதற்கு மட்டும் என்றால் வேறு ஏதாவது எடுக்கட்டும். போவேன் என்றால் தடுக்காதே. ஆனால் வேலையை இப்போதே விட வேண்டாம். எடிட்டிங் நன்றாகக் கற்றுக்கொள்ளட்டும், நிதி வராத வருடங்களில் அதுதான் சோறு போடும்.

பொங்கலுக்கு ஊருக்கு வருகிறேன், அவனை இருக்கச் சொல். கிணறு ஆழப்படுத்தும் வேலை என்ன ஆயிற்று? எழுது.

அன்புடன்,
ராசு