உட்ரோ எழுதியதில் எதை நம்பலாம்?

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

ஸ்காட்லாந்துத் திருச்சபை வரலாறு பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரை, திருச்சபை வரலாற்றாசிரியர் ராபர்ட் உட்ரோவை, கேட்ட கதைகளையெல்லாம் எழுதி வைத்தவர் என்று ஒரே வரியில் ஒதுக்கிவிட்டது. அவர் காதால் கேட்டு எழுதியதும் உண்டு, ஆவணத்தைப் பார்த்து எழுதியதும் உண்டு. இரண்டையும் ஒரே தட்டில் வைத்து நிறுப்பது சரியல்ல.

உட்ரோ 1679-இல் கிளாஸ்கோவில் பிறந்தார். பிரசவத்தில் தாய் உயிருக்குப் போராடிக்கொண்டிருந்தபோது, அன்றைய அரசு ஒடுக்கிவந்த பிரஸ்பிட்டேரியன் பிரிவின் (பிஷப்புகளின் ஆட்சியை ஏற்காத புராட்டஸ்டன்ட் பிரிவு) போதகரான தந்தையைப் பிடிக்கப் படைவீரர்கள் வீட்டைச் சூழ்ந்தார்கள். மருத்துவரின் வேலையாள்போல மேலங்கியை மாட்டிக்கொண்டு, கையில் லாந்தரோடு மருத்துவர் கூடவே வெளியேறித் தந்தை தப்பினார் என்பது அந்தக் குடும்பம் சொல்லிவந்த செய்தி. அந்த வீட்டுப் பிள்ளை எந்தப் பக்கம் நின்று எழுதியிருப்பார் என்று விளக்க வேண்டியதில்லை. கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தில் நூலகராக இருந்தவர், 1703-இல் ஈஸ்ட்வுட் சபைக்குப் போதகரானார். பெரிய ஊர்களிலிருந்து அழைப்பு வந்தும் போகாமல், 1734-இல் இறக்கும்வரை அங்கேயே ஊழியம் செய்தார்.

1660 முதல் 1688 வரை பிரஸ்பிட்டேரியன் மக்கள் பட்ட துன்பங்களைச் சொல்லும் அவருடைய நூல், 1721-22-இல் இரண்டு பெரிய தொகுதிகளாக வெளியானது. பிரிவி கவுன்சில் (அரசரின் ஆட்சி மன்றம்) பதிவேடுகள், அரச ஆணைகள், விசாரணைக் குறிப்புகள் எனப் பலவற்றை அவர் அதில் அப்படியே அச்சிட்டார். கூடவே, பல சபைகளிலிருந்து வந்த வாய்மொழிச் சாட்சியங்களையும் சேர்த்தார். பிசகு வருவது இந்த இரண்டாவது வகையில்தான். நடந்து 30, 40 ஆண்டுகள் கழித்து, செத்தவர்களின் உறவினரும் அக்கம்பக்கத்தாரும் சொன்னவை அவை.

பிரீஸ்ட்ஹில்லில் 1685 மே 1 அன்று ஜான் பிரவுன் என்ற பிரஸ்பிட்டேரியன் கொல்லப்பட்டதை எடுத்துக்கொள்வோம். அவருடைய ஜெபத்தைக் கேட்ட வீரர்கள் சுட மறுத்தார்கள், அரசுப் படைத் தளபதி கிளேவர்ஹவுஸ் தானே சுட்டார் என்கிறார் உட்ரோ. பிரவுனின் மனைவியிடமே கேட்டதாகச் சொல்லும், பிரஸ்பிட்டேரியன்களில் தீவிரப் பிரிவின் பக்கம் நின்று எழுதிய பேட்ரிக் வாக்கர், சுட்டவர்கள் ஆறு வீரர்கள் என்கிறார். இரண்டு நாள் கழித்துக் கிளேவர்ஹவுஸ் எழுதிய கடிதமோ, சுடச்செய்ததாகத்தான் சொல்கிறது. இந்த இடத்தில் உட்ரோவை நம்பக் கூடாது.

அதே மாதம் 11-ஆம் தேதி நடந்த விக்டவுன் சம்பவம் வேறு மாதிரி. மார்கரெட் மெக்லாக்லன் என்ற முதியவளையும், 18 வயது மார்கரெட் வில்சனையும் கடல் ஏற்றநீர் வரும் இடத்தில் கம்பத்தில் கட்டி மூழ்கடித்தார்கள். ஏப்ரல் 30 அன்றே கவுன்சில் தண்டனையை நிறுத்திவைத்ததைக் காட்டி, 19-ஆம் நூற்றாண்டில் மார்க் நேப்பியர் என்ற நூலாசிரியர் இதைக் கட்டுக்கதை என்றார். ஆனால் அந்த நிறுத்தி வைப்பைப் பதிவேட்டில் கண்டு, எதுவரை என்ற தேதி அதில் வெற்றிடமாக விடப்பட்டிருப்பதையும் தம் நூலிலேயே சொன்னவர் உட்ரோ. தம் கதைக்கு இடைஞ்சலான சான்றை அவர் மறைக்கவில்லை. பெனிங்ஹாம், கிர்க்கின்னர் ஆகிய இரு சபைகளின் 1711-ஆம் ஆண்டுக் குறிப்பேடுகளும் மூழ்கடிக்கப்பட்டதை உறுதிசெய்கின்றன. இந்த நேர்மைக்காகவே அவர்மேல் எனக்குப் பெருமதிப்பு உண்டு.

அவருக்கு இன்னொரு சாய்வும் இருந்தது. மிதவாதப் பிரஸ்பிட்டேரியன்களுக்கு இடம் கொடுத்த அளவு, ஆயுதம் தாங்கிய தீவிரப் பிரிவினருக்கு அவர் கொடுக்கவில்லை. வாக்கருக்கு அவர்மேல் அத்தனை கோபம் வந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

படிக்க விரும்புவோர் 1828-30-இல் ராபர்ட் பர்ன்ஸ் என்ற பெய்ஸ்லி போதகர் (கவிஞர் பர்ன்ஸ் அல்ல) நான்கு தொகுதிகளாக வெளியிட்ட பதிப்பை எடுத்துக்கொள்ளலாம். பிரீஸ்ட்ஹில்லும் விக்டவுனும் நான்காம் தொகுதியில் சில பக்க இடைவெளியில் வருகின்றன. தங்கள் கட்டுரையாளர் அந்தப் பக்கங்களை அடுத்தடுத்துப் படித்துவிட்டு, அந்த ஒரு வரியைத் திருத்தி வெளியிட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
பாளையங்கோட்டை.