ஜெராக்ஸ் கடையில் தங்கிவிடும் ஆதார்

ஆசிரியர் அவர்களுக்கு,

லாட்ஜில் அறை எடுத்தாலும் வாடகைக்கு வீடு பார்த்தாலும் ஆதார் நகல் கேட்கிறார்கள். அதற்கு முன்பே கோப்பு ஜெராக்ஸ் கடையின் வாட்ஸ்அப்புக்குப் போய்விடுகிறது. அச்செடுக்க இறக்கிய பிரதி கடைக் கணினியிலேயே கிடக்கும். நம் போனில் அழித்தாலும் அது போகாது. பிடிஎஃப்புக்குத்தான் பாஸ்வேர்டு இருக்கிறதே என்கிறார்கள். பெயரின் முதல் 4 ஆங்கில எழுத்தும் பிறந்த ஆண்டும்தானே அது! அதையும் கடைக்காரரிடம் நாமே சொல்லிவிடுகிறோம்.

மைஆதார் தளத்தில் இறக்கும்போது 'மாஸ்க்டு ஆதார்' என்பதை டிக் செய்தால் கடைசி 4 இலக்கம் மட்டுமே தெரியும். நகலின் குறுக்கே, படத்தைத் தொடும்படி, யாருக்கு, எதற்கு, என்ன தேதி என்று எழுதுங்கள். ஓரத்தில் எழுதினால் வெட்டிவிடலாம்.

பெரிய ஆபத்து கைரேகையில் இருக்கிறது. வங்கி முகவரிடம் விரல் வைத்துப் பணம் எடுக்கும் ஆதார் வழிப் பணப் பட்டுவாடாவில் ஆதார் எண், வங்கிப் பெயர், விரல்ரேகை போதும், ஓடிபி வராது. பத்திரப்பதிவு ஆவணங்களில் இருந்த ரேகையை நகலெடுத்துக் கணக்கைத் துடைத்த மோசடிகள் நடந்துள்ளன. இதைத் தடுக்க, மைஆதார் தளத்திலேயே 'பயோமெட்ரிக் லாக்' (விரல்ரேகை போன்றவற்றுக்கான பூட்டு) போட்டுவிடலாம். ஆதாருடன் இணைத்த செல்போன் எண் கையில் இருக்க வேண்டும். பூட்டியதை மறந்து ரேஷன் கடையில் விரல் வைத்தால் இயந்திரம் ஏற்காது. விரல் தேய்ந்துவிட்டதோ என்று சோப்புப் போட்டுக் கழுவிப் பயனில்லை, தற்காலிகமாகத் திறந்துவிட்டுப் போக வேண்டும்.

மாஸ்க்டு ஆதாரை 'செல்லாது' என்று திருப்பித் தரும் விடுதிகளுக்கு அரசு எழுத்துபூர்வமாக அறிவுறுத்த வேண்டும். அதை வழங்குவதே ஆதார் ஆணையம்தான்.

- வாசகர், மதுரை