புள்ளிப் பட்டியலுக்குக் கீழே ஒரு வரி வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உலகக் கோப்பைக் கால்பந்தோ யூரோ கோப்பையோ நடக்கும் நாட்களில் நம் நாளிதழ்களின் விளையாட்டுப் பக்கத்தில் புள்ளிப் பட்டியல் தவறாமல் வருகிறது. இரண்டு அணிகள் ஒரே புள்ளியில் நின்றால் எது மேலே போகும் என்ற விதி மட்டும் அங்கே இருப்பதில்லை. பார்வைக்குச் சின்ன விடுபடல்தான். ஆனால் கோப்பை யார் கைக்குப் போகிறது என்பதை அந்த விதியே முடிவு செய்த தொடர்கள் உண்டு. அந்த விதியும் ஒரே மாதிரி இருந்ததில்லை. ஏதாவது ஒரு தொடரில் கோளாறு நடக்கும், அதற்குப் பிறகு விதியை மாற்றுவார்கள், புது விதி வேறொரு இடத்தில் புதுக் கோளாறைக் கொண்டுவரும். ஆண்கள் உலகக் கோப்பையின் வரலாற்றைப் பாதியளவு இந்த மாற்றங்களைக் கொண்டே சொல்லிவிடலாம்.

1954 சுவிட்சர்லாந்து உலகக் கோப்பையை எடுத்துக்கொள்வோம். 16 அணிகள், நான்கு பிரிவுகள். ஒவ்வொரு பிரிவிலும் இரண்டு அணிகளுக்கு முன்னுரிமை. முன்னுரிமை பெற்ற இரண்டும் தங்களுக்குள் மோதாது, மற்ற இரண்டும் தங்களுக்குள் மோதாது. ஆக ஓர் அணிக்குப் பிரிவில் இரண்டே ஆட்டம். இரண்டாவது பிரிவில் ஹங்கேரிக்கும் துருக்கிக்கும் முன்னுரிமை. மேற்கு ஜெர்மனி துருக்கியை 4-1 என வென்றது, ஹங்கேரியிடம் 3-8 என உதை வாங்கியது. துருக்கி தென் கொரியாவை 7-0 எனத் தோற்கடித்தது. வெற்றிக்கு 2 புள்ளி என்ற அந்தக் காலக் கணக்கில் மேற்கு ஜெர்மனிக்கும் துருக்கிக்கும் தலா 2 புள்ளி. கோல்களைப் பாருங்கள்: துருக்கி அடித்தது 8, வாங்கியது 4. மேற்கு ஜெர்மனி அடித்தது 7, வாங்கியது 9. கோல் வித்தியாசம் பார்த்திருந்தால் ஜெர்மானியர்கள் அன்றே ஊர் திரும்பியிருப்பார்கள். அந்த ஆண்டின் விதி அதைப் பார்க்கவில்லை. இரண்டாம் இடத்துக்கு இருவர் சமமாக நின்றால் இன்னொரு ஆட்டம் ஆட வேண்டும் என்றது. மேற்கு ஜெர்மனியின் பயிற்சியாளர் செப் ஹெர்பெர்கர் இதைக் கணக்குப் போட்டுத்தான் ஹங்கேரிக்கு எதிராக முக்கிய வீரர்கள் பலரை வெளியே உட்கார வைத்தார். எட்டு கோல் வாங்கினாலும் நஷ்டமில்லை, துருக்கியை மறுபடி வென்றால் போதும். அந்தக் கூடுதல் ஆட்டம் 7-2 என முடிந்தது. ஜூலை 4 அன்று பெர்ன் நகரில் அதே ஹங்கேரியை 3-2 என வென்று கோப்பையையும் எடுத்தார்கள். இந்த ஆட்டத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் மழையையும் ஹங்கேரி அணித் தலைவர் புஷ்காஷின் காயத்தையும் எழுதுகிறார்கள். விதியைச் சொல்லாமல் அந்த 3-8 எப்படி விளங்கும்?

கூடுதல் ஆட்டம் நியாயமான வழியாகத் தெரியும். அதன் விலை 1958 ஸ்வீடனில் தெரிந்தது. நான்கு பிரிவுகளில் மூன்றில் இரண்டாம் இடத்துக்குக் கூடுதல் ஆட்டம் தேவைப்பட்டது. ஜூன் 17 அன்று வட அயர்லாந்து செக்கோஸ்லோவாக்கியாவையும், வேல்ஸ் ஹங்கேரியையும், சோவியத் யூனியன் இங்கிலாந்தையும் வென்றன. ஒருநாள் இடைவெளியில், ஜூன் 19 அன்று, காலிறுதி. வட அயர்லாந்து பிரான்சிடம் 0-4, சோவியத் யூனியன் ஸ்வீடனிடம் 0-2, வேல்ஸ் பிரேசிலிடம் 0-1. கூடுதல் ஆட்டம் ஆடிவந்த மூன்று அணிகளும் ஒரு கோல்கூட அடிக்காமல் வெளியேறின. எதிரணிகள் வலுவானவைதாம், மறுக்கவில்லை. ஆனாலும் மாற்று வீரரை இறக்க அனுமதியே இல்லாத காலத்தில் ஐந்து நாளில் மூன்றாவது ஆட்டம் என்றால் கால்கள் என்ன ஆகும் என்பதை ஆடியவர்கள் அறிவார்கள்.

1962 சிலியில் கூடுதல் ஆட்டத்தை எடுத்துவிட்டுக் கோல் சராசரியைக் கொண்டுவந்தார்கள். அடித்த கோலை வாங்கிய கோலால் வகுக்க வேண்டும். இங்கிலாந்து 4-க்கு 3, அர்ஜென்டினா 2-க்கு 3. இரண்டுக்கும் 3 புள்ளி, அர்ஜென்டினா வெளியே. இந்த வகுத்தலில் ஒரு கோணல் உண்டு. 4 கோல் அடித்து 2 வாங்கிய அணியின் சராசரி 2. 9 அடித்து 5 வாங்கிய அணிக்கு 1.8. இரண்டாவது அணி நான்கு கோல் முன்னிலையில் இருந்தும் கீழே போகிறது. அதாவது இந்த முறை அடிப்பதைவிட வாங்காமல் இருப்பதற்கே அதிகப் பரிசு தருகிறது, பின்னால் குவிந்து தடுத்து ஆடுகிறவனுக்கே லாபம். 1970 மெக்சிகோவில் கழித்தலுக்கு மாறினார்கள். அதுதான் இன்று எல்லோரும் சொல்லும் கோல் வித்தியாசம்.

கோல் வித்தியாசத்துக்கும் ஒரு பலவீனம் உண்டு. பிரிவில் ஒரு நோஞ்சான் அணி இருந்தால், அதை யார் அதிகமாக அடிக்கிறார்கள் என்பதே போட்டி ஆகிவிடும். 1974-இல் பிரேசில், யூகோஸ்லாவியா, ஸ்காட்லாந்து மூன்றும் தங்களுக்குள் ஆடிய எல்லா ஆட்டமும் சமன். மூன்றும் ஜயர் (இன்றைய காங்கோ ஜனநாயகக் குடியரசு) அணியை வென்றன: யூகோஸ்லாவியா 9-0, பிரேசில் 3-0, ஸ்காட்லாந்து 2-0. மூன்றுக்கும் 4 புள்ளி. ஒரு தோல்விகூட இல்லாத ஸ்காட்லாந்து ஒரே ஒரு கோலில் வீட்டுக்குப் போனது. இதே பட்டியலை யூரோ கோப்பை விதிப்படி, சமமாக நிற்கும் அணிகள் தங்களுக்குள் ஆடிய ஆட்டங்களை மட்டும் வைத்துப் போட்டுப் பாருங்கள். யூகோஸ்லாவியாவும் ஸ்காட்லாந்தும் 1-1, மற்ற இரண்டு ஆட்டங்களும் 0-0. கோல் அடிக்காத அணி பிரேசில் மட்டும். வெளியே போவது நடப்புச் சாம்பியன் பிரேசில்! மூவரும் அடித்த கோல்களில் ஒன்றுகூட மாறவில்லை, விதி மட்டும் மாறுகிறது.

ஆட்ட நேரமும் இதில் சேர்ந்துகொள்ளும். 1978-இல் அரையிறுதிக்குப் பதிலாக இரண்டாவது பிரிவுச் சுற்று. அதன் கடைசி நாளில் பிரேசில் முதலில் ஆடிப் போலந்தை 3-1 என வென்று முடித்தது: 5 புள்ளி, வித்தியாசம் +5. அர்ஜென்டினாவுக்கு அதுவரை 3 புள்ளி, +2. ஆக ரொசாரியோவில் களமிறங்கும்போதே, பெருவை நான்கு கோல் வித்தியாசத்தில் வென்றால் இறுதிப்போட்டி உறுதி என்று அவர்களுக்குத் தெரியும். 6-0 என முடிந்தது. அந்த ஆட்டத்தைப் பற்றி எத்தனையோ சந்தேகங்கள் எழுப்பப்பட்டிருக்கின்றன, அவற்றுக்குள் போக வேண்டாம். போட்டியாளனின் விடைத்தாளைப் பார்த்தபிறகு தேர்வு எழுத அனுமதித்த அட்டவணையே முதல் குற்றம்.

நான்கு ஆண்டு கழித்து ஸ்பெயினில் அதே பிழை. அல்ஜீரியா மேற்கு ஜெர்மனியை 2-1 என வென்று, ஆஸ்திரியாவிடம் 0-2 எனத் தோற்று, ஜூன் 24 அன்று சிலியை 3-2 என வென்று தன் கணக்கை முடித்துக்கொண்டது: 4 புள்ளி, வித்தியாசம் பூஜ்யம். மறுநாள் ஹிஹோன் நகரில் மேற்கு ஜெர்மனியும் ஆஸ்திரியாவும். ஜெர்மனி ஒன்று அல்லது இரண்டு கோல் வித்தியாசத்தில் வென்றால் இருவருக்குமே இடம் உண்டு. ஜெர்மனியின் ஹ்ருபெஷ் தொடக்கத்திலேயே ஒரு கோல் போட்டார். மீதி நேரம் முழுக்கப் பந்தைத் தங்களுக்குள் தட்டிக்கொண்டார்கள். அல்ஜீரியா முறையிட்டது. விதி எதுவும் மீறப்படவில்லை என்று முடிவு நின்றது. 1984 யூரோவிலிருந்தும் 1986 உலகக் கோப்பையிலிருந்தும் ஒவ்வொரு பிரிவின் கடைசி இரண்டு ஆட்டங்களும் ஒரே நேரத்தில் தொடங்குவது இதனால்தான். தொலைக்காட்சியில் அந்த இரண்டில் ஒன்றை மட்டும் பார்க்க முடிகிறதே என்று வருந்தும் இளைய ரசிகர்களுக்கு இந்தக் காரணத்தை யாராவது சொல்ல வேண்டும்.

ஒரே நேரத்தில் ஆடினால் எல்லாம் சரியாகிவிடுமா? இல்லை. 2004 யூரோவில் ஸ்வீடன், டென்மார்க், இத்தாலி மூன்றும் 5 புள்ளி. தங்களுக்குள் ஆடியது மட்டும் கணக்கு என்பதால், ஸ்வீடனும் டென்மார்க்கும் 2-2 அல்லது அதற்கு மேல் சமன் செய்தால் இத்தாலி பல்கேரியாவை எத்தனை கோலில் வென்றும் பயனில்லை. போர்ட்டோவில் ஆட்டம் 2-2 என்றே முடிந்தது. ஏமாற்றினார்கள் என்று நான் சொல்ல மாட்டேன், இரு அணிகளும் நன்றாகவே ஆடின. ஆனால் தப்பும் வழியை ஆட்டத்துக்கு முன்பே கோல் எண்ணிக்கையோடு எழுதிக் கொடுத்துவிட்ட விதி அது. கோல் வித்தியாசத்தில் எத்தனை குறை இருந்தாலும், கடைசி விசில்வரை ஒவ்வொரு கோலுக்கும் அங்கே மதிப்பு உண்டு. என் ஓட்டு அதற்கே.

வித்தியாசமும் சமமானால் அடித்த கோல்கள். 1982-இல் இத்தாலியும் கேமரூனும் மூன்று ஆட்டத்திலும் சமன் செய்தன. இத்தாலி 2 கோல், கேமரூன் 1. கேமரூன் தோற்காமலே திரும்பியது, இத்தாலி சாம்பியன் ஆனது. அதுவும் சமமானால்? 1990-இல் அயர்லாந்துக்கும் நெதர்லாந்துக்கும் சீட்டுக் குலுக்கிப் போட்டார்கள். 2018-இல் ஜப்பானும் செனகலும் 4 புள்ளி, 4-க்கு 4 கோல், தங்களுக்குள் 2-2. அடுத்த படி, அட்டை குறைவாக வாங்கிய அணியே மேலே. மஞ்சள் அட்டை ஜப்பானுக்கு 4, செனகலுக்கு 6. அதனால்தான் போலந்திடம் 0-1 எனப் பின்தங்கியிருந்த ஜப்பான் கடைசிப் பத்து நிமிடம் யாரையும் தொடாமல் பந்தைப் பின்னால் தட்டிக்கொண்டிருந்தது. காரணம் தெரியாதவர்களுக்குப் பைத்தியக்காரத்தனமாகத் தெரிந்த ஆட்டம் அது.

பழைய தொடர்களைப் பற்றிய கட்டுரைகளிலும் இதே குறை. 1950 பிரேசில் தொடரில் 'இறுதிப்போட்டி' என்று ஒன்று கிடையவே கிடையாது. நான்கு பிரிவு வெற்றியாளர்கள் ஒருவரோடு ஒருவர் ஆடினார்கள். ஜூலை 16 அன்று மரக்கானா மைதானத்தில் கடைசி ஆட்டம் தொடங்கும்போது பிரேசிலுக்கு 4 புள்ளி, உருகுவேக்கு 3. பிரேசிலுக்குச் சமன் போதும், முதல் கோலையும் அதுதான் போட்டது. பிறகு உருகுவேயின் ஸ்கியாஃபினோவும், 79-ஆவது நிமிடத்தில் கிக்கியாவும் அடிக்க, 1-2. சமன் செய்தாலே கோப்பை என்றிருந்த அணி, ஆட்டம் முடிய 11 நிமிடம் இருக்கும்போது அதை இழந்ததுதான் அந்தத் துயரத்தின் ஆழம். 'இறுதிப்போட்டியில் தோற்றது' என்று எழுதினால் அது காணாமல் போகிறது. 1964 ஆசியக் கோப்பையும் இப்படித்தான். இந்தியா இறுதிப்போட்டியில் தோற்றதாக எழுதுகிறார்கள். நான்கு அணிகளின் சுழல்முறைத் தொடர் அது. தென் கொரியாவையும் ஹாங்காங்கையும் வென்று, இஸ்ரேலிடம் 0-2 எனத் தோற்று இந்தியா இரண்டாம் இடம் பெற்றது.

1950 உலகக் கோப்பைக்கு இந்தியா போகாதது வெறுங்காலோடு ஆடத் தடை விதித்ததால் என்ற கதையையும் தயவுசெய்து இனி அச்சிட வேண்டாம். தகுதிச் சுற்றில் மற்ற அணிகள் விலகியதால் கிடைத்த இடம் அது. ஸ்வீடன், இத்தாலி, பராகுவே இருந்த பிரிவு. நீண்ட கடற்பயணம், செலவு, பயிற்சிக் குறைவு, ஒலிம்பிக்கே பெரிது என்ற அன்றைய எண்ணம் ஆகியவை சேர்ந்துதான் விலகல். இரண்டு ஆண்டு கழித்து, 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் நம் வீரர்கள் பலர் வெறுங்காலோடுதான் யூகோஸ்லாவியாவை எதிர்த்து ஆடி 1-10 எனத் தோற்றார்கள். பூட்ஸ் கட்டாயமானது அதற்குப் பிறகே.

இவை எல்லாம் 48 அணி உலகக் கோப்பையில் இன்னும் சிக்கலாகும். 2026-க்கு முதலில் மூன்று அணி கொண்ட 16 பிரிவுகள் என்று திட்டமிட்டார்கள். மூன்று பேர் பிரிவில் கடைசி ஆட்டத்தின்போது ஒருவர் சும்மா உட்கார்ந்திருப்பார், ஹிஹோன் திரும்ப வந்துவிடும். நல்லவேளையாக 2023-இல் நான்கு அணி கொண்ட 12 பிரிவுகளாக மாற்றினார்கள். மொத்தம் 104 ஆட்டம். முதல் இரண்டு இடங்களோடு, மூன்றாம் இடம் பெற்ற 12 அணிகளில் 8 அடுத்த சுற்றுக்குப் போகும். இந்த மூன்றாம் இடக் கணக்குதான் வாசகரை அதிகம் குழப்பும். 2016 யூரோவில் அல்பேனியா ஜூன் 19 அன்று ருமேனியாவை வென்றுவிட்டு, மற்றப் பிரிவுகள் முடிய 3 நாள் காத்திருந்து கடைசியில் வெளியேறியது. அதே தொடரில் மூன்று சமனோடு மூன்றாம் இடத்தில் தப்பிய போர்ச்சுகல் கோப்பையை வென்றது. பன்னிரண்டில் எந்த எட்டு வரும் என்பதற்கு 495 வகை சாத்தியம் உண்டு. எந்த மூன்றாமிடம் எந்த முதலிடத்தோடு மோதும் என்பதும் அதைப் பொறுத்தே அமையும்.

ஆகவே சில கோரிக்கைகள். பட்டியலில் புள்ளியோடு அடித்த கோல், வாங்கிய கோல் இரண்டையும் தனித்தனியாகப் போடுங்கள். வித்தியாசம் மட்டும் போட்டால் அடுத்த படியை வாசகர் கணக்கிட முடியாது. பிரிவில் ஒவ்வோர் அணியும் இரண்டு ஆட்டம் முடித்ததிலிருந்து அட்டைக் கணக்கையும் சேருங்கள். 2018, 2022 கணக்கில் மஞ்சளுக்கு 1, இரண்டாவது மஞ்சளால் வெளியேறினால் 3, நேரடிச் சிவப்புக்கு 4, மஞ்சளுக்குப் பின் நேரடிச் சிவப்பு என்றால் 5 எனக் கழித்தார்கள். பட்டியலின் அடியில், அந்தத் தொடரின் விதியை வரிசைப்படி ஒரே வரியில் கொடுங்கள். உலகக் கோப்பையின் விதியை யூரோவுக்கோ ஆசியக் கோப்பைக்கோ அப்படியே போட்டுவிடக் கூடாது, அந்தந்தத் தொடரின் விதிப் புத்தகத்தைப் பார்த்தே எழுத வேண்டும். மூன்றாம் இட அணிகளுக்குத் தனிப்பட்டியல் வேண்டும். அவை தங்களுக்குள் ஆடாதவை என்பதால் அங்கே நேரடி மோதல் கணக்கு வராது. புள்ளி, வித்தியாசம், அடித்த கோல், அட்டை என்றே போகும். அமெரிக்கக் கண்டத்து மாலை ஆட்டங்கள் நமக்கு விடியற்காலை என்பதால், எந்த ஆட்டம் வரை சேர்த்த பட்டியல் என்பதையும் தலைப்பிலேயே போட்டுவிட்டால் காலைப் பதிப்பும் வெளியூர்ப் பதிப்பும் வெவ்வேறு கணக்குச் சொல்லும் குழப்பம் இருக்காது.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
திண்டுக்கல்.